பி.பி. நம்பர்: வண்ணாரப்பேட்டையில் தொலைபேசியும் ஞாபகமும்

1980களிலும் அதையடுத்த சில ஆண்டுகளிலும் சென்னையில் அச்சான கல்யாணப் பத்திரிகைகளையும் கடைச் சீட்டுகளையும் தரகர்களின் முகவரி அட்டைகளையும் எடுத்துப் பார்ப்பவர், தொலைபேசி எண்ணின் அருகே அடைப்புக்குறிக்குள் ‘பி.பி.’ என்ற இரண்டு எழுத்துகள் நிற்பதைப் பல இடங்களில் காண்பார். அந்த எண் பத்திரிகை அச்சடித்த வீட்டாருடையதன்று. அது அடுத்த வீட்டுக்காரருடையதாகவோ, எதிர் மளிகைக் கடைக்காரருடையதாகவோ, குடியிருக்கும் வீட்டின் சொந்தக்காரருடையதாகவோ இருக்கும். அங்கே அழைத்து இன்னாரைக் கூப்பிடுங்கள் என்று சொன்னால், அவர்கள் ஆளனுப்பியோ குரல் கொடுத்தோ உரியவரை அழைத்து வந்து பேச வைப்பார்கள் என்பதே அந்த எழுத்துகளின் தாத்பரியம். பிறர் வீட்டு எண்ணைத் தன் வீட்டுச் சுபகாரியப் பத்திரிகையில் அச்சடித்துக்கொள்ளும் உரிமையை ஒரு குடும்பத்துக்கு இன்னொரு குடும்பம் வழங்கியிருந்தது என்பதை இன்றைய இளைஞருக்கு விளக்கிச் சொல்வதே சிரமமாயிருக்கிறது. வண்ணாரப்பேட்டை, ராயபுரம், தண்டையார்பேட்டை, திருவொற்றியூர் என்று கடலையொட்டி நீண்டு கிடக்கும் வடசென்னையின் உழைக்கும் மக்களுக்கு, தொலைபேசி என்ற சாதனம் முதன்முதலில் அறிமுகமானது இந்த இரண்டு எழுத்துகளின் மூலமாகத்தான்.

தொலைபேசியின் சரித்திரத்தை எழுதுவோர் பெரும்பாலும் யந்திரங்களின் சரித்திரத்தையே எழுதுகிறார்கள். மனித சம்பந்தத்தின் பக்கம் நின்று நோக்கினால், அது பேசுவோர் இருவருக்கும் நடுவே நின்றவர்களை ஒருவர் பின் ஒருவராக விலக்கிவந்த சரித்திரமாகவே எனக்குத் தோன்றுகிறது. முதலில் எக்ஸ்சேஞ்சில் உட்கார்ந்து இணைப்புக் கொடுத்த ஆபரேட்டர் விலகினார், பிறகு பி.பி. வீட்டுக்காரர் விலகினார், பிறகு எஸ்.டி.டி. பூத்துக்காரர் விலகினார், குரற்பதிவும் எழுத்துச் செய்தியும் வந்தபின், கேட்டுக்கொண்டிருக்கும் மனிதரே அந்தக் கணத்தில் இருந்தாக வேண்டும் என்ற அவசியமும் நீங்கிவிட்டது. இவர்கள் வெறும் இடையூறுகளாக மட்டும் இருந்திருந்தால் இந்த விலகலைப் பற்றி எழுத ஒன்றுமில்லை. ஒரு தெருவின் ஞாபகத்தில் ஒரு பங்கை அவர்கள் ஒவ்வொருவரும் தாங்கி நின்றார்கள். போகும்போது அதையும் எடுத்துக்கொண்டே போனார்கள்.

அலெக்சாண்டர் கிரகாம் பெல் தொலைபேசிக்குக் காப்புரிமை பெற்றது 1876 மார்ச் 7ஆம் தேதி. ஐந்தே ஆண்டுகளில், 1881இல், ஓரியண்டல் டெலிபோன் கம்பெனிக்குக் கல்கத்தா, பம்பாய், சென்னை முதலிய நகரங்களில் எக்ஸ்சேஞ்சு அமைக்கும் உரிமையை இந்திய சர்க்கார் வழங்கிற்று. 1882 ஜனவரி 28இல் இம்மூன்று நகரங்களின் எக்ஸ்சேஞ்சுகளும் முறைப்படி திறந்து வைக்கப்பட்டன. சென்னையின் முதல் எக்ஸ்சேஞ்சு ஜார்ஜ் டவுனில் எர்ரபாலு செட்டித் தெருவில் இருந்தது. அங்கிருந்து வண்ணாரப்பேட்டைக்கு நடந்தே வந்துவிடலாம். ஆனால் அந்தக் கம்பி வண்ணாரப்பேட்டையின் சாமானிய வீட்டுக்குள் நுழைய ஏறக்குறைய நூறு ஆண்டுகள் பிடித்தன. கிழக்கிந்தியக் கம்பெனியார் கடல்கடந்து அனுப்பிய துணிகளை வெளுத்துக் கொடுத்தவர்களின் குடியிருப்பாகத் தோன்றிய இந்தப் பேட்டைக்கு, நவீன சாதனங்கள் தாமதமாகத்தான் வந்தன என்று பொதுவாகச் சொல்லிவிடவும் முடியாது. தென்னிந்தியாவின் முதல் பயணிகள் ரயில் 1856இல் புறப்பட்டது பக்கத்திலுள்ள ராயபுரம் நிலையத்திலிருந்துதான். ரயில் சரக்கையும் ஆளையும் ஏற்ற வந்ததால் உழைப்பாளிகளின் நடுவே வந்தது. தொலைபேசியோ ஏவலிடுவோரின் மேஜைக்கு வந்தது. துறைமுகத்தாரும் கடற்கரைச் சாலை வர்த்தக ஸ்தாபனங்களும் சர்க்கார் காரியாலயங்களும் ஒன்றோடொன்று பேசுவதற்காகவே அது பிறந்தது. அமெரிக்காவில்கூட ஆரம்பகாலத் தொலைபேசிக் கம்பெனிகள் அதை வியாபாரக் கருவி என்றே கருதின என்றும், பெண்கள் அதில் ஊர்க்கதை பேசுவதை வீண் உபயோகம் என்று பல ஆண்டுகள் தடுக்கவும் முயன்றன என்றும் கிளாட் ஃபிஷர் என்ற சமூகவியலாளர் 1992இல் வெளியான தமது நூலில் விரிவாகக் காட்டியிருக்கிறார். மனிதர்கள் அந்தக் கருவியை உறவு பேசுவதற்காகப் பறித்துக்கொண்டார்கள் என்பதே அவர் காட்டும் உண்மை.

இந்தப் பறித்துக்கொள்ளுதலில் முதல் துணையாயிருந்தவர் ஆபரேட்டர். 1878இல் பாஸ்டன் நகரில் எம்மா நட் என்ற பெண்மணி அப்பணியில் அமர்ந்தது முதல் உலகெங்கும் அது பெண்களின் தொழிலாயிற்று. சென்னையில் நெடுங்காலம் ஆங்கிலோ-இந்தியப் பெண்கள் பலர் அதில் இருந்தார்கள். ரயில்வேயை அடுத்து அச்சமூகத்தார் வாழ்ந்த பகுதிகளுள் ராயபுரமும் ஒன்றாதலால், வடசென்னையில் வீடுகளுக்குத் தொலைபேசி வருமுன்பே தொலைபேசியின் குரலாக இருந்தவர்கள் வந்துவிட்டார்கள் என்று சொல்லலாம். இந்த ஆபரேட்டரை விலக்கும் யந்திரத்தை 1891இல் அமெரிக்காவில் காப்புரிமை செய்தவர் அல்மன் ஸ்ட்ரோஜர். பிணப்பெட்டி, சவ அடக்கம் ஆகிய தொழில் நடத்திய அவர், தமக்கு வரவேண்டிய அழைப்புகளை ஆபரேட்டர் போட்டியாளருக்குத் திருப்பிவிடுகிறார் என்ற சந்தேகத்தினால்தான் அதில் இறங்கினார் என்று வழிவழியாகச் சொல்லப்படுகிறது. நம் நாட்டின் முதல் தானியங்கி எக்ஸ்சேஞ்சு 1913-14இல் சிம்லாவில் அமைந்தது. ஆயினும் வெளியூர்ப் பேச்சுக்கு ஆபரேட்டரின் தயவு மேலும் பல பத்தாண்டுகள் வேண்டியிருந்தது. 1960இல் கான்பூருக்கும் லக்னோவுக்கும் இடையே எஸ்.டி.டி. என்ற நேரடி டயல் முறை தொடங்கிய பின்னும், தமிழ்நாட்டின் பெரும்பாலான ஊர்களோடு பேச டிரங்க் கால் பதிவு செய்துவிட்டு மணிக்கணக்கில் காத்திருக்க வேண்டும். சாதாரணம், அவசரம், ‘லைட்னிங்’ என்று கட்டணம் பன்மடங்காக ஏறும். இரைச்சலுக்கு நடுவே இரு முனையிலும் கத்திப் பேசியதில் புரியாமற்போன சொற்களை ஆபரேட்டரே நடுவில் புகுந்து எடுத்துச் சொன்ன சந்தர்ப்பங்களும் உண்டு.

1943இல் சென்னைத் தொலைபேசிக் கம்பெனியைச் சர்க்கார் ஏற்றுக்கொண்டது. சுதந்திரம் வந்தபோது தேசம் முழுவதிலும் இருந்த தொலைபேசிகள் ஏறக்குறைய 80,000தான். 1948இல் பெங்களூரில் தொடங்கிய இந்தியன் டெலிபோன் இண்டஸ்ட்ரீஸ் கருவிகளைத் தயாரித்தபோதிலும், தேவைக்கும் வரத்துக்கும் இருந்த இடைவெளி குறையவேயில்லை. மனுச் செய்துவிட்டு வருஷக்கணக்கில் காத்திருப்பதும், முன்பணம் கட்டி ‘ஓ.ஒய்.டி.’ என்ற தனி வரிசையில் இடம்பிடிப்பதும், அந்த வரிசையிலும் காத்திருப்பதும் அக்கால நடுத்தரக் குடும்பத்தின் சாதாரண அனுபவங்கள். திருவொற்றியூரின் தீப்பெட்டித் தொழிற்சாலையிலும் மோட்டார் சைக்கிள் தொழிற்சாலையிலும், எண்ணூர் லாரித் தொழிற்சாலையிலும், மணலி எண்ணெய்ச் சுத்திகரிப்பு ஆலையிலும், துறைமுகத்திலும் வேலை செய்த ஆயிரக்கணக்கானோரில், தன் வீட்டில் சொந்தமாகத் தொலைபேசி வைத்திருந்தவர் அபூர்வம். பஸ்ஸிலும் சைக்கிளிலும் பிரயாணம் செய்து ஷிப்டுக்குப் போனவர் திரும்பி வரும்வரை வீட்டாருக்கு அவரைப் பற்றிய சமாசாரம் கிடையாது. ஆலைச் சங்கு ஒன்றே பொழுதைச் சொல்லும். விபத்தென்றால் சங்கு அகாலத்தில் ஊதும், அல்லது கேட்டிலிருந்து யாராவது பி.பி. எண்ணுக்கு அழைப்பார்கள்.

ஒண்டுக் குடித்தனங்கள் நிறைந்த பழைய வண்ணாரப்பேட்டைச் சந்துகளில் பி.பி. வீடு என்பது தனிப்பட்ட ஸ்தானம் ஒன்றைப் பெற்றிருந்தது. முன்னறையில் ஒரு ஸ்டூலின்மேல், பூவேலை செய்த துணி போர்த்தி, கனமான கறுப்புக் கருவி வீற்றிருக்கும். வெளியார் எடுத்து அழைத்துவிடாதபடி டயலின் துளையொன்றில் சிறு பூட்டும் தொங்கும். அழைக்கும் உரிமை பூட்டப்பட்டிருந்தாலும், அழைக்கப்படும் உரிமை தெருவுக்குத் திறந்தே இருந்தது. வெளியூரிலிருந்து வருகிற அழைப்பில் ஒவ்வொரு விநாடிக்கும் காசு ஓடுமாதலால், கூப்பிடுகிறவர் பெயரை மட்டும் சொல்லிவிட்டு, “பத்து நிமிஷம் கழிச்சுத் திரும்பக் கூப்பிடுறேன், வரச் சொல்லுங்க” என்று வைத்துவிடுவார். உடனே அந்த வீட்டுப் பிள்ளை சந்தில் ஓடிக் குரல் கொடுக்கும்: “யக்கா, உங்களுக்குப் போன் வந்துகீது, ஓடியாங்க!” அழைக்கப்பட்டவர் அடுப்பை அணைத்துவிட்டு, ஈரக்கையைத் துடைத்துக்கொண்டு வந்து, மணி மீண்டும் அடிக்கும்வரை அந்த முன்னறையில் உட்கார்ந்திருப்பார். அந்தப் பத்து நிமிஷத்தில் அவ்விரு குடும்பங்களுக்குமிடையே நடந்த சம்பாஷணை எந்தக் கணக்கிலும் ஏறாதது. யார் அழைத்தார், எதற்காக இருக்கும், போன தடவை என்ன சொன்னார் என்பவையெல்லாம் பேச்சாகி, தூரத்து உறவினரின் வாழ்க்கை அடுத்த வீட்டாருக்கும் அத்துப்படியாயிற்று.

மரணச் செய்தியைக் கையாள்வதில்தான் பி.பி. வீட்டாரின் பொறுப்பு மிகக் கனமானதாயிருந்தது. நள்ளிரவில் மணி அடித்து, ஊரில் தகப்பனார் போய்விட்டார் என்று ஒரு குரல் சொல்லும். கேட்டவர் செய்தியை அறிந்துவிட்டார். உரியவர் இன்னும் அறியவில்லை. அந்த இடைவேளையில் ஓர் அந்நியக் குடும்பம் இன்னொரு குடும்பத்தின் துக்கத்தைக் கையில் வைத்துக்கொண்டு நிற்கும். கதவைத் தட்டி, அப்படியே சொல்லிவிடுவதா, “நைனாவுக்கு ஒடம்பு கொஞ்சம் சரியில்லையாம், உடனே கெளம்பி வரச் சொல்றாங்க” என்று பதப்படுத்திச் சொல்வதா, ஆண்பிள்ளையை மட்டும் தனியே அழைத்துச் சொல்வதா என்பதை அவர்கள் அக்கணமே தீர்மானிக்க வேண்டும். தந்தியில் வந்த ‘சீரியஸ்’ என்ற ஒற்றைச் சொல்லுக்கு மரணம் என்று பொருள்கொள்ளப் பழகியிருந்த ஜனங்களுக்கு, இந்தப் பதப்படுத்தல் ஏமாற்றாகத் தோன்றவில்லை. அது ஓர் உபசாரமாகவே ஏற்கப்பட்டது. கதவு திறந்ததும் தாங்கிப் பிடிக்கவும், பஸ் கட்டணத்துக்குக் கைமாற்றுக் கொடுக்கவும், விட்டுப்போகும் குழந்தைகளுக்குச் சோறு போடவும் செய்தி சொன்னவரே அங்கு நின்றார். இன்று மரணச் செய்தி உரியவர் கைக்கே, அவர் பஸ்ஸில் நின்றுகொண்டிருக்கும்போதும் சாலையைக் கடக்கும்போதும் வந்து சேர்ந்துவிடுகிறது. பக்கத்தில் தாங்குவோர் இருக்கிறார்களா என்று அந்தக் கருவி பார்ப்பதில்லை.

இதனால் பி.பி. காலத்தைப் பொற்காலம் என்று போற்ற நான் ஒருப்படேன். அந்த முன்னறையில் அந்தரங்கம் என்பதே கிடையாது. புருஷனிடம் அடிபட்ட பெண் தாயிடம் முறையிட முடியாது. ஐந்து பேர் கேட்டுக்கொண்டிருக்கும்போது, “நல்லா இருக்கேம்மா” என்றுதான் சொல்ல முடியும். காதலித்தவர்கள் பேச முடியாது. கடன்பட்டவன் மானம் தெருவில் நின்றது. வாடகை பாக்கி வைத்தவனுக்கும், வீட்டுக்காரரோடு சச்சரவு செய்தவனுக்கும், சாதியில் தாழ்ந்தவன் என்று ஒதுக்கப்பட்டவனுக்கும் அந்த முன்னறைக் கதவு ஒரேவிதமாகத் திறந்ததாகச் சொல்ல முடியாது. யாருக்கு அழைப்பு வந்தது என்று சொல்லாமலேயே விட்டுவிடும் அதிகாரமும் அந்த வீட்டார் கையில் இருந்தது. இடைநின்றவரின் கருணையை மட்டும் எழுதி அவருடைய அதிகாரத்தை மறைத்தால் அது உண்மையான சரித்திரமாகாது.

ஆனால் ஞாபகம் என்ற விஷயத்தில் அந்த ஏற்பாட்டின் பெருமையை மறுக்க முடியாது. பி.பி. வீட்டாருக்குத் தெருவிலுள்ள இருபது குடும்பங்களின் உறவுமுறையும் தெரிந்திருக்கும். மதுரையிலிருந்து அழைப்பு வந்தால் அது எந்த வீட்டு மருமகளுக்கு, திருத்தணியிலிருந்து வந்தால் அது எந்த ஆயாவுக்கு என்று குரலைக் கேட்டே சொல்லிவிடுவார்கள். டேனியல் வெக்னர் என்ற அமெரிக்க உளவியலாளர் 1985இல் ஒரு கருத்தை முன்வைத்தார்: சேர்ந்து வாழ்வோர் எல்லாவற்றையும் தனித்தனியே நினைவில் வைப்பதில்லை, எது யாருக்குத் தெரியும் என்பதை மட்டும் ஒவ்வொருவரும் அறிந்துகொண்டு, நினைவைத் தமக்குள் பங்கிட்டுக்கொள்கிறார்கள் என்பது அதன் சாரம். அவர் தம்பதிகளை வைத்து ஆராய்ந்தார். வண்ணாரப்பேட்டையின் சந்து ஒன்று முழுவதுமே அவ்விதம் பங்கிட்ட நினைவில் இயங்கியது என்று கூறலாம். அதன் எழுத்து வடிவம், தொலைபேசிக்கருகே நூலில் கட்டித் தொங்கிய நோட்டு. புத்தாண்டுக்கு ஏதாவதொரு கம்பெனி கொடுத்த டைரியாகவோ பிள்ளைகளின் மீந்துபோன பள்ளி நோட்டாகவோ அது இருக்கும். அதில் இடமில்லாதவை சுவரிலும், தினத்தாள் காலண்டரின் அட்டையிலும் பென்சிலால் ஏறும். ‘பால்காரர்’, ‘ஸ்டான்லி நர்ஸ் அக்கா’, ‘மூணாம் வீட்டு அக்கா தம்பி, பம்பாய்’ என்றெல்லாம் எழுதப்பட்ட அந்தப் பெயர்களே ஒரு சமூக வரைபடம். இறந்தவர் எண்ணை அடித்துவிட ஒருவருக்கும் மனம் வந்ததில்லை. பழைய நோட்டிலிருந்து புது நோட்டுக்கு எண்களைப் பெயர்த்து எழுதும் நாளில்தான் அவர் விடைபெற்றார்.

நோட்டில் எழுதியவையே அல்லாமல் வாயில் நின்றவையும் பல. உளவியலாளர் ஜார்ஜ் மில்லர் 1956இல் வெளியிட்ட புகழ்பெற்ற கட்டுரையில், மனிதன் ஒரே சமயத்தில் பிடித்துவைத்துக்கொள்ளக்கூடியவை ஏழு, அதற்கு இரண்டு கூடவோ குறையவோ, என்று கணக்கிட்டார். இங்கிலாந்தில் கேம்பிரிட்ஜின் ஆர். கான்ராட் 1964இல் மேலும் ஒன்றைக் கண்டார்: எழுத்துகளைக் கண்ணால் பார்த்தே படித்தாலும், திரும்பச் சொல்லும்போது ஒலியில் ஒத்த எழுத்துகளையே ஜனங்கள் மாற்றிச் சொல்கிறார்கள், அதாவது சிறு நேரத்து நினைவு பெரும்பாலும் காதின் வழியாகவே நடக்கிறது. சென்னையின் ஆறிலக்க எண்களும், பின்னர் வந்த ஏழிலக்க எண்களும் அந்த எல்லைக்குள் அடங்கியவை. இரண்டிரண்டாகவும் மும்மூன்றாகவும் பிரித்து ராகம்போட்டுச் சொல்லத் தக்கவை. சுழலும் டயலில் விரல் ஒவ்வோர் இலக்கத்துக்கும் தனித்தனித் தூரம் போய்த் திரும்பியதால், காதோடு கையும் அவற்றைக் கற்றது. 2002 இறுதியை ஒட்டி முன்னால் 2 சேர்ந்து எட்டிலக்கமானபோதும் பழைய மனப்பாடம் கெடவில்லை. கைப்பேசியின் பத்திலக்கம் அந்த எல்லையைத் தாண்டியது. அதைவிட முக்கியமாக, அதை மனத்தில் வைக்க வேண்டிய அவசியத்தையே கருவி நீக்கிவிட்டது. பெட்ஸி ஸ்பாரோ, ஜென்னி லியு, வெக்னர் ஆகிய மூவரும் 2011இல் ‘சயன்ஸ்’ பத்திரிகையில் வெளியிட்ட ஆராய்ச்சியில், ஒரு செய்தி கணிப்பொறியில் சேமிக்கப்பட்டிருக்கும் என்று நம்பியவர்கள் அச்செய்தியைக் குறைவாகவும், அது எங்கே இருக்கிறது என்பதை நன்றாகவும் நினைவுகூர்ந்தார்கள். முன்பு அந்த ‘எங்கே’ என்பது ஒரு மனிதராக இருந்தது. அவரைத் தேடிப் போனால் எண்ணோடு நாலு வார்த்தையும் கிடைத்தது.

1984இல் சாம் பிட்ரோடாவின் முயற்சியால் தோன்றிய சி-டாட் என்ற தொலைத்தொடர்பு ஆராய்ச்சி நிறுவனமும், அதையடுத்து நாடெங்கும் பரவிய மஞ்சள் நிற எஸ்.டி.டி. பூத்துகளும் பி.பி. வீட்டின் ஆட்சியை முடித்துவைத்தன. ஊனமுற்றோருக்கு இந்தப் பூத்துகளை முன்னுரிமையில் வழங்கியதால் பல குடும்பங்களுக்குப் பிழைப்பும் கிடைத்தது. கண்ணாடிக் கதவுக்குள் போய் நின்றால் தெரு கேட்காது. தலைக்குமேல் ஓடும் சிவப்பு இலக்கங்களின் ரூபாயும் பைசாவும் மட்டும் கண்ணுக்குத் தெரியும். இரவு நேரமாக ஆகக் கட்டணம் குறைந்து, வெகுநேரத்துக்குப் பிறகு பகலின் கால் பங்காகுமாதலால், ஸ்டான்லி ஆஸ்பத்திரியை ஒட்டிய பகுதியிலும் எம்.சி. ரோட்டுத் துணிக்கடைகளை ஒட்டியும் பூத்துகளில் இரவில் கூட்டம் நின்றது. சொல்ல வேண்டியதை முன்கூட்டியே யோசித்து, சிலர் சீட்டில் எழுதியும் எடுத்துவந்து, மூன்று நிமிஷத்தில் ஒரு மாதத்து வாழ்க்கையைச் சொல்லிவிடும் திறமையை அந்தச் சிவப்பு இலக்கங்கள் ஜனங்களுக்குக் கற்றுக்கொடுத்தன. வளைகுடா நாடுகளுக்குப் போனவர்களுக்கு அதுவும் கட்டுப்படியாகாமல், ஒலிநாடாவில் பேசிப் பதிவுசெய்து ஊருக்குத் திரும்புபவர் கையில் கொடுத்தனுப்பிய வழக்கமும் இருந்தது. பிற்காலத்துக் குரற்பதிவின் முன்னோடி அதுதான். ஒரே பேதம், அந்த நாடாவைக் குடும்பம் முழுவதும் சுற்றி உட்கார்ந்து கேட்டது.

1995 ஜூலை 31இல் கல்கத்தாவிலிருந்து அப்போதைய மேற்கு வங்க முதல் மந்திரி ஜோதிபாசு டில்லியிலிருந்த மத்திய மந்திரி சுக்ராமுடன் பேசியதே இந்தியாவின் முதல் கைப்பேசி அழைப்பு. அவ்வாண்டிலேயே சென்னைக்கும் அது வந்தது. ஆனால் பேசியவரும் கேட்டவரும் இருவருமே பணம் கட்டிய அந்த ஆரம்ப நாட்களில் வண்ணாரப்பேட்டைக்கு அதில் வேலையில்லை. 2003இல் வரும் அழைப்புக்குக் கட்டணம் நீங்கியது; அடுத்த ஆண்டே நாட்டில் கைப்பேசிகள் கம்பித் தொலைபேசிகளின் எண்ணிக்கையைக் கடந்தன. அப்போது பிறந்த ‘மிஸ்டு கால்’ என்ற உபாயம் உழைப்பாளிகளின் சொந்தக் கண்டுபிடிப்பு என்றே நான் மதிக்கிறேன். ஒரு மணி அடித்தால் புறப்பட்டாயிற்று, இரண்டு அடித்தால் வந்து சேர்ந்தாயிற்று என்று வீட்டுக்கு வீடு சங்கேதம் வகுத்துக்கொண்டு, ஒரு பைசா செலவின்றி ஒரு வாக்கியத்தை அனுப்பினார்கள். காசிமேட்டு மீன்பிடித் துறைமுகத்தில் கரையை நெருங்கும் விசைப்படகுக்கு டவர் கிடைத்ததும் வீட்டுக்கும் ஏலக்காரருக்கும் அழைப்புப் போகும். கேரளத்து மத்தி மீனவர்களிடையே 1997 முதல் 2001 வரை கைப்பேசி பரவியதை ஆராய்ந்த ராபர்ட் ஜென்சன், மீன் வீணாவது ஏறக்குறைய நின்றதையும், மீனவர் லாபம் சராசரியாக 8 சதவீதம் உயர்ந்ததையும், வாங்குவோருக்கு விலை 4 சதவீதம் குறைந்ததையும் 2007இல் கணக்கிட்டுக் காட்டினார். எல்லாவற்றையும்விடப் பெரிய லாபம், பி.பி. முன்னறையில் “நல்லா இருக்கேம்மா” என்று மட்டும் சொல்ல முடிந்த பெண்ணுக்குக் கிடைத்தது. அவள் மொட்டை மாடிக்குப் போய்த் தாயிடம் உண்மையைச் சொல்ல முடிந்தது. இடைநின்றவர் விலகியதை நான் குறைகூற முடியாமற்போவது இந்த இடத்தில்தான்.

2016 செப்டம்பரில் ஜியோ நிறுவனம் குரல் அழைப்பைக் கட்டணமின்றி வழங்கத் தொடங்கியபின் பேச்சின் விலை ஏறக்குறைய இல்லாமலே போயிற்று. மூன்று நிமிஷத்துக்காக நள்ளிரவு வரை காத்திருந்த ஜனங்களின் பிள்ளைகள், விலையில்லாத பேச்சை விட்டு எழுத்துக்கும் படங்களுக்கும் குரற்பதிவுக்கும் நகர்ந்தார்கள். இதில் ஒரு நஷ்டம் உண்டென்று கருதுவதற்கு வலுவான ஆதாரம் இருக்கிறது. அமெரிக்காவின் விஸ்கான்ஸின் சர்வகலாசாலையில் லெஸ்லி செல்ட்ஸரும் சேத் பொல்லக்கும், ஏழு முதல் பன்னிரண்டு வயதுள்ள 61 சிறுமிகளை அந்நியர் முன் பேசவும் கணக்குப் போடவும் வைத்துப் பதற்றப்படுத்திவிட்டு, சிலரைத் தாயின் அணைப்பிலும், சிலரைத் தாயின் தொலைபேசிக் குரலிலும் ஆறுதல் பெறச் செய்தார்கள். உறவின் அணுக்கத்தோடு சம்பந்தப்பட்ட ஆக்ஸிடோசின் என்ற சுரப்பு இரு சாராருக்கும் ஏறக்குறைய ஒரே அளவில் உயர்ந்தது. இது 2010இல் வெளியாயிற்று. 2012இல் வெளியான தொடர்ச்சியில், தாயிடமிருந்து எழுத்துச் செய்தி மட்டும் பெற்ற சிறுமிகளின் நிலை, தாயோடு தொடர்பே கொள்ளாத சிறுமிகளின் நிலையை ஒத்திருந்தது. சொற்கள் வந்தாலும் குரல் வராவிட்டால் உடம்பு அதைத் தாய் என்று ஏற்பதில்லை போலும்.

இதை வடசென்னை 2020இல் தன் துக்கத்தின் மூலம் அறிந்தது. அவ்வாண்டின் கோடையில் சென்னையிலேயே கோவிட் தொற்று மிகுந்திருந்த மண்டலம் ராயபுரம். ஸ்டான்லி முதலிய ஆஸ்பத்திரிகளின் தனிமை வார்டுகளுக்குள் உறவினர் நுழைய முடியாது. தலைமாட்டிலிருந்த கைப்பேசி ஒன்றே வழி. சார்ஜ் தீராமலிருக்க வேண்டுமே என்று வெளியே மக்கள் பிரார்த்தித்தார்கள். கடைசிப் பேச்சு மூச்சிரைப்போடு வந்த குரலாக முடிந்த குடும்பங்கள் பல. அந்தக் குரல் பதிவாக மிஞ்சியவர்கள் அதைப் பலமுறை கேட்கிறார்கள். மிஞ்சாதவர்கள், ஏன் பதிவு செய்யவில்லை என்று தம்மைத்தாமே நொந்துகொள்கிறார்கள். பழைய நோட்டு இறந்தவரின் எண்ணைத்தான் காத்தது. இன்றைய கருவி அவருடைய குரலையே காக்கிறது என்பது, முந்தின தலைமுறைகளுக்குக் கிட்டாத பாக்கியம்.

அந்தப் பாக்கியம் நிலையற்றது என்பதையும் சொல்லியாக வேண்டும். கருவி பழுதானாலும், கடவுச்சொல் தெரியாவிட்டாலும், குரல் போயிற்று. 90 நாட்கள் உபயோகமின்றி இருக்கும் ப்ரீபெய்டு எண்ணைக் கம்பெனி முடக்கிப் பின்னர் வேறொருவருக்கு வழங்கிவிடலாமாதலால், இறந்தவரின் எண்ணுக்கு மாதாமாதம் ரீசார்ஜ் செய்துவருகிறவர்களும் இருக்கிறார்கள். ஜப்பானில் ஓட்சுசி என்ற கடலோர ஊரில் இட்டாரு சசாகி என்பவர், இறந்துபோன தம் உறவினரோடு பேசுவதற்கென்று 2010இல் தம் தோட்டத்தில் ஒரு கூண்டும் கம்பியிணைப்பில்லாத பழைய சுழல்டயல் தொலைபேசியும் அமைத்தார். 2011 மார்ச் 11இன் ஆழிப்பேரலைக்குப் பிறகு, உறவினரைப் பறிகொடுத்த ஆயிரக்கணக்கானோர் அங்கு வந்து, மனப்பாடமாயிருந்த எண்ணைச் சுழற்றிப் பேசிவிட்டுப் போனார்கள். 2004 டிசம்பர் 26ஐக் கண்ட நம் கடற்கரைக்கு அந்தச் செயலின் பொருள் விளங்காமற்போகாது. அந்த எண்கள் அவர்களுடைய விரலில் இருந்தன என்பதைக் கவனிக்க வேண்டும். இன்று நம்மில் எத்தனை பேர் தம் மனைவியின் எண்ணையோ மகனின் எண்ணையோ கருவியைப் பாராமல் சொல்ல முடியும்?

இடைநின்றவர்கள் இனித் திரும்பி வரப்போவதில்லை. வர வேண்டும் என்று கோருவதும் நியாயமன்று. ஆனால் அவர்களிலே பலர் இன்னும் உயிரோடிருக்கிறார்கள். ஓய்வுபெற்ற ஆபரேட்டர்களும், கம்பத்தில் ஏறிய லைன்மேன்களும், பூத்து நடத்தியவர்களும், முன்னறையில் கறுப்புத் தொலைபேசி வைத்திருந்த வீட்டுப் பெரியம்மாக்களும் இந்தப் பேட்டையிலேயே முதுமையில் இருக்கிறார்கள். அவர்கள் அறிந்த தெருச் சரித்திரம் எந்தக் காரியாலயக் கோப்பிலும் இல்லை. பழைய வண்ணாரப்பேட்டையில் 1950 முதல் நடந்துவரும் சர் தியாகராயா கல்லூரியின் மாணவர்களும் ஆசிரியர்களும் மனம்வைத்தால், ஒரு விடுமுறைக் காலத்தில் அந்தப் பேச்சுகளைப் பதிவுசெய்து நூலகமொன்றில் சேர்த்துவிட முடியும். வாசகர்களிடம் நான் வேண்டுவது அதைவிட எளியது. மெட்ரோ வந்து மனை விலை ஏறி, பழைய வீடுகள் இடிபட்டு வரும் இந்நாளில், பரணிலிருந்து இறங்கும் தொலைபேசி நோட்டைப் பழைய பேப்பர்காரரிடம் போட்டுவிடாதீர்கள். வீட்டிலுள்ள மூத்தவரை அருகில் இருத்தி, ஒவ்வோர் எண்ணுக்கும் எதிரே அவர் யார், எந்த ஊர், நமக்கு என்ன முறை என்று இப்போதே எழுதிவையுங்கள்; அந்த மூத்தவர் வேறூரில் இருந்தால், செய்தி அனுப்பாமல், அழைத்துப் பேசிக் கேளுங்கள்.